சரஸ்வதி பூசையில் ஒரு குதிரைப் படம்

அந்தப் படத்தில் வரும் குதிரைகளை எனக்கு ஒவ்வொன்றாகத் தெரியும். முழுக் கறுப்பு ஒன்று. நெற்றியில் வெள்ளைக் கோடு விழுந்தது ஒன்று. பின்னங்கால்கள் மட்டும் வெளுத்தது இன்னொன்று. ஆனால் அந்தப் படம் ஓடி நான் பார்த்ததில்லை. லண்டன் பிளேஸ்டோவில் எங்கள் வீட்டின் மேல்மாடி யன்னலோரம் நின்று, என் கணவர் தபால் முத்திரை பார்க்க வைத்திருந்த பூதக்கண்ணாடியால், கட்டம் கட்டமாகத்தான் பார்த்தேன்.

தொண்ணூறுகளின் தொடக்கம் அது. மகளுக்குப் பதினேழு வயது. சனிக்கிழமைகளில் பக்கத்தில் ஃபாரஸ்ட் கேட்டில், தர்மத்துக்குப் பழைய சாமான் விற்கும் ஒரு சரிட்டி கடையில் வேலைக்கு நின்றாள். இறந்துபோன ஒரு கிழவரின் வீட்டை வெறுமையாக்கியவர்கள் கொண்டுவந்து இறக்கிய சாமான்களுக்குள் ஒரு தகரப்பேணி கிடந்ததாம். அந்தக் கிழவர் ஒரு காலத்தில் தியேட்டரில் படம் ஓட்டியவர். பேணி சாப்பாட்டுத் தட்டளவு அகலம், விளிம்பெல்லாம் துரு, உள்ளே ஒரு படச்சுருள். குப்பையில் போடச் சொல்லிக் கடைக்காரப் பெண் கொடுத்ததை இவள் பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டாள்.

பேணியில் ஒட்டியிருந்த காகிதத்தில் 'ரோடியோ' என்ற ஒரு சொல் மட்டும் அழியாமல் இருந்தது. அப்படியென்றால் என்னவென்று கணவர் கேட்டார்.

"அமெரிக்காவில, நாட்டுப்புறத்தில நடக்கிற போட்டி அப்பா. பழக்காத குதிரையில ஏறி இருக்கவேணும். அது துள்ளும். விழாமல் கனநேரம் இருக்கிற ஆள் வெண்டிடும்."

"எங்கட மாட்டுவண்டிச் சவாரி மாதிரி எண்டு சொல்லு."

"இதில வண்டி இல்லை."

"வண்டியும் இல்லையோ? பிறகு உவங்கள் எங்கை போறாங்கள்?"

"ஒரு இடமும் போறேல்லை அப்பா. அந்த இடத்திலயே விழாமல் இருக்கிறதுதான்."

"அப்ப நான் பெற்றோல் ஸ்டேசனில செய்யிற வேலைதான்," என்று சொல்லிவிட்டு ஷிப்டுக்குப் புறப்பட்டார்.

பகிடி விட்டாரே தவிர அவருக்கு உள்ளுக்குள் சுகமில்லை. மகள் உயர்தரத்தில் இரசாயனத்தை விட்டுவிட்டு, சினிமாவைப் பற்றிப் படிக்கும் ஒரு பாடத்தை எடுத்திருந்தாள். வீட்டுக்கு வருகிற ஆட்கள் கேட்டால் "கணிதமும் வேறை பாடங்களும்" என்று சொல்லிக் கதையை மாற்றிவிடுவார். எனக்கும் மனம் நொந்துதான் இருந்தது. ஊரில் ஒன்பது வருடம் நான் இரசாயனம் படிப்பித்தவள். லண்டனுக்கு வந்தபிறகு ஒரு பள்ளிக்கூடக் குசினியில் தட்டுக் கழுவினாலும், என்னை யாராவது யாரென்று கேட்டால் முதலில் வாயில் வருவது அந்தப் பாடத்தின் பெயர்தான்.

அந்தப் பேணிதான் எங்கள் இரண்டு பேரையும் ஒரு யன்னலுக்குக் கொண்டுவந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் கட்டிலில் வெள்ளை விரிப்பைப் போட்டு, மகள் படச்சுருளை மெதுவாக அவிழ்ப்பாள். அவிழ்ந்து வருவதை நான் மறுபக்கம் சுற்றுவேன். இரண்டு பேர் கையிலும் பருத்திக் கையுறை. மழைக்கால வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால் ஒரு பெருவிரல் நகத்தைவிடச் சற்றுப் பெரிய கட்டத்துக்குள் ஒரு முழு மைதானம் இருக்கும். மரவேலி, வேலிக்கு மேல் தொப்பிகள், தொப்பிகளுக்குப் பின்னால் வெறும் வானம். ஒரு ஆள் வேலியில் ஏறி நின்று வாயைத் திறந்து கத்துகிறான். பேசாப்பட காலத்துப் படம், வசனம் காட்டும் எழுத்து அட்டை ஒன்றுகூட இல்லை. அவன் என்ன கத்துகிறான் என்று நாங்கள் இரண்டு பேரும் ஆளுக்கொன்று சொல்லிச் சிரிப்போம்.

வெள்ளைக்கோட்டுக் குதிரை ஒரு மெலிந்த பையனைத் தூக்கி எறிகிறது. பதினொரு கட்டங்களில் அவன் ஆகாயத்தில் நிற்கிறான். பன்னிரண்டாவது கட்டத்திலிருந்து படம் ஒன்றோடொன்று ஒட்டிப் பிடித்து, கபிலநிறப் பசையாகிக் கிடந்தது.

"அவன் எழும்பினானோ தெரியேல்லை," என்றேன்.

"அம்மா, அவர் செத்தே ஐம்பது வருசம் இருக்கும்."

"அது வேறை. அண்டைக்கு எழும்பினானோ?"

மகள் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள். பிறகு தன் கொப்பியில் அதையும் எழுதிக்கொண்டாள்.

பேணியைத் திறக்கும்போதெல்லாம் இலேசாகக் கற்பூரம் மணக்கும். அதற்குள் ஏதோ புளித்த மணமும் கலந்திருக்கும். எனக்குக் கற்பூரம் மட்டும்தான் மூக்கில் நின்றது. பூசை அறை மணம் என்று மகளிடம் சொன்னேன். நல்ல சகுனம் என்றும் சொன்னேன். படச்சுருளாகும் செலுலோயிட்டைச் செய்வதற்கு நைத்திரோசெலுலோசோடு கற்பூரம் சேர்ப்பார்கள் என்று ஒன்பது வருடம் கரும்பலகையில் எழுதிப்போட்டவள் நான். அந்த மணம் மூக்குக்கு வந்தபோது பாடம் நினைவுக்கு வரவில்லை, சாமிதான் வந்தது.

அந்த வருடச் சரஸ்வதி பூசை ஒரு வேலைநாளில் வந்தது. முன்னறையில், புகைபோக்கிக்குப் பக்கத்துக் குழிவில், கணவர் பலகை அடித்துச் செய்த தட்டில்தான் எங்கள் சாமிப்படங்கள். அதற்குக் கீழே சின்ன மேசை போட்டுக் கும்பம் வைத்தேன். பிள்ளைகளின் புத்தகங்களைச் சரஸ்வதிக்கு முன்னால் வைத்துவிட்டால் மறுநாள் விசயதசமி காலையில் பூசை முடித்துத்தான் எடுக்கவேண்டும், அதுவரை யாரும் தொடக்கூடாது. ஒவ்வொரு வருடமும் மகளின் கணிதமும் இரசாயனமும்தான் அடுக்கின் மேலே இருக்கும். இந்த முறை இரசாயனம் இல்லை. அடுக்கைப் பார்க்க என்னவோபோல் இருந்தது.

அப்போதுதான் மேலே போய் அந்தப் பேணியை எடுத்து வந்தேன். மகள் கல்லூரியில் இருந்தாள். அவளிடம் கேட்கவில்லை. அவள் எடுத்த பாடத்தை நான் ஏற்றுக்கொண்டுவிட்டேன் என்பதை வாயால் சொல்ல எனக்கு வரவில்லை. பேணியை அம்மனுக்கு முன்னால் கண்டால் அவளுக்கு விளங்கும் என்று நினைத்தேன். துருப்பிடித்த மூடியோடு வைக்க மனம் வரவில்லை. மூடியைக் கழற்றிச் சந்தனம் தொட்டுப் புத்தகங்களுக்கு அடியில் வைத்தேன். சுருளைத் திறந்தபடியே பேணியோடு வைத்து, நடுத்துளையில் ஒரு செவ்வந்திப் பூவைச் செருகினேன். ஒரு பக்கம் குத்துவிளக்கு, ஐந்து முகமும் ஏற்றியது. மறுபக்கம் வாழைப்பழச் சீப்பில் குத்திய ஊதுபத்தி.

நாலு மணிக்குக் கணவர் தேவாரம் பாடி, கற்பூரம் காட்டி, அவசரமாக இரண்டு வாய் அவலும் கடலையும் போட்டுக்கொண்டு வேலைக்குப் போனார். போகுமுன் பேணியைக் கண்டார். என்னைப் பார்த்தார். 

மகள் வந்து கும்பிடட்டும் என்று புதிதாக ஒரு ஊதுபத்தி கொளுத்தி வைத்துவிட்டுக் குசினியில் பருப்பை அடுப்பில் ஏற்றினேன். வடை சுட்ட புகை போவதற்குப் பின்யன்னல் அகலத் திறந்திருந்தது. ஐந்தரை மணி இருக்கும், டெலிபோன் அடித்தது.

மகளின் ஆசிரியர். அவள் அங்கிருந்து புறப்பட்டுவிட்டாள் என்றார். எனக்கு ஆங்கிலம் தெரியாது என்ற நினைப்பில் ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி நிறுத்திப் பேசினார். சுருளின் வெளி நுனியிலிருந்து ஒரு சிறு துண்டை மகள் அன்று காலை காட்டியிருக்கிறாள். அதைப் பழைய படங்களைப் பாதுகாக்கும் இடத்தில் வேலைசெய்யும் ஒரு நண்பரிடம் கொடுத்துப் பார்த்தாராம். அது மிகப் பழைய வகைச் சுருள், மிக எளிதாகத் தீப்பற்றும், பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும், புகையும் நச்சு. குளிரான இடத்தில், நெருப்பு இல்லாத இடத்தில் இருந்தால் பயப்பட ஒன்றுமில்லை, காலையில் ஆட்கள் வந்து எடுத்துப்போவார்கள் என்றார்.

டெலிபோன் நடைக்கூடத்தில் இருந்தது. நான் நின்ற இடத்திலிருந்து முன்னறைக் கதவு வழியாக விளக்கு தெரிந்தது. ஐந்து சுடர். ஒரு சாண் தள்ளி, பளபளவென்று கறுத்த சுருள். பழுத்த பழம் பாரம் தாங்காமல் இளகி, ஊதுபத்தி சாய்ந்துவிட்டது. அதன் சிவந்த கண் நேராகப் பேணிக்கு மேலே நின்றது.

"இப்போது எங்கே இருக்கிறது?" என்று அவர் கேட்டார்.

"குளிரான இடத்தில்தான்," என்று சொல்லி வைத்துவிட்டேன்.

ஏன் பொய் சொன்னேன் என்று இன்றுவரை என்னைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். உண்மையைச் சொன்னால் அவர் தீயணைப்புப் படையைக் கூப்பிடுவார், வாசலில் சீருடைகள் வந்து நிற்கும் என்ற பயம் ஒன்று. ஊரில் ஆமி வந்து வாசலில் நின்ற நாட்களிலிருந்து, சீருடையைக் கண்டாலே கணவர் பின்கதவைப் பார்க்கும் காலம் அது. மற்றது வெட்கம். எரியத் தேவையான ஒட்சிசனைத் தனக்குள்ளேயே வைத்திருக்கும் பொருள் என்று நானே படிப்பித்த பாடம் அந்த நேரம்தான் வரிவரியாகத் திரும்பி வந்தது.

முன்கதவில் திறப்பு போடும் சத்தம் கேட்டது.

எங்கள் வீட்டில் முன்கதவைத் திறந்தால் பின்யன்னலால் வரும் காற்று முன்னறைக்குள் புகுந்துதான் வெளியே போகும். காலண்டர்த் தாள் எல்லாம் பறக்கும். பாய்ந்துபோய் உள்பூட்டை அழுத்தினேன்.

"அம்மா? கதவு திறக்குதில்லை."

"திறக்காதை. வெளியில நில்."

"வாட்? மழை பெய்யுது அம்மா!"

"நனைஞ்சாப் பரவாயில்லை. நில் பிள்ளை."

கடிதம் போடும் துவாரத்தின் மூடி உயர்ந்தது. அதற்குள் அவளுடைய இரண்டு கண்கள். குரல் திடீரென்று தாழ்ந்தது.

"உள்ளுக்கை ஆரும் நிக்கிறாங்களோ?"

"ஒருத்தரும் இல்லை. உன்ரை சேர் போன் எடுத்தவர். உன்ரை படம் நெருப்புப் பத்துமாம். அது விளக்குக்குப் பக்கத்தில கிடக்கு."

"விளக்குக்குப் பக்கத்திலயோ? அதை ஆர் அங்கை வச்சது?"

"நான்தான். பூசைக்கு."

"பூசைக்கோ? என்ரை படத்தையோ?"

 நான் நினைத்தபடியே அவளுக்கு விளங்கிவிட்டது. அந்த இடமும் நேரமும்தான் நான் நினைத்தவை அல்ல. பிறகு அவள் துவாரத்துக்குள் வாயை வைத்துக் கத்தினாள்.

"அம்மா, லீவ் இட்! பின்பக்கத்தால போங்கோ! இப்பவே போங்கோ, படம் கிடக்கட்டும்!"

பின்பக்கத்தால் போயிருக்கலாம். குசினிக் கதவு பத்தடியில் இருந்தது. ஆனால் அந்தச் சுருளைப் பற்றித்தான் அவள் பரீட்சைக்கான தன் முழு ஒப்படையையும் எழுதிக்கொண்டிருந்தாள். அதை அவளிடமிருந்து எடுத்து நெருப்புக்குப் பக்கத்தில் வைத்தது என் கை. நான் முன்னறைக்குள் போனேன்.

"அம்மா! எங்கை போறீங்கள்? கதையுங்கோ! கதைச்சுக்கொண்டிருங்கோ!"

"ஊதுபத்தியை எடுக்கிறன்."

சுருளுக்கு மேலால் கையை நீட்டவேண்டியிருந்தது. சாம்பல் விழுந்தால் என்ன செய்வது என்று நினைத்தபோதே அது விழுந்தது. செவ்வந்திப் பூவின் மேல் விழுந்து, வெள்ளையாகக் கிடந்தது.  பூ கருகவில்லை. ஊதுபத்தியைப் பழத்திலிருந்து இழுத்தேன்.

"எடுத்திட்டீங்களோ?"

"ஓம்."

"எங்கை போட்டனீங்கள்?"

"பஞ்சாமிர்தத்துக்குள்ள."

அவள் ஏதோ ஆங்கிலத்தில் சொன்னாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை.

விளக்கை வாயால் ஊதி நூர்ப்பது எங்களில் வழக்கமில்லை. அன்று வழக்கத்தை நான் நினைக்கவில்லை. ஊதினால் சுடர் எந்தப் பக்கம் சாயும் என்பதைத்தான் நினைத்தேன். கும்பத்தடித் தண்ணீரில் விரலை நனைத்து, பேணிப் பக்கத்துத் திரியை எண்ணெய்க்குள் இழுத்தேன். சுட்டது. அடுத்தது. மூன்றாவது திரியின் நுனி கையோடு வந்து, நெருப்போடு என் நகத்தில் ஒட்டிக்கொண்டது. கையை உதறினால் எங்கே போய் விழும்? உதறாமல் மற்றக் கையால் பொத்தி நசுக்கினேன். நாலாவதையும் ஐந்தாவதையும் இழுத்தது எனக்கு நினைவில் இல்லை.

"அம்மா, ஏன் சத்தத்தைக் காணேல்லை? அம்மா!"

"விளக்கு நூந்திட்டுது. பேணியைத் தூக்கிறன்."

மூடி புத்தகங்களுக்கு அடியில் இருந்தது. விசயதசமிக்கு முன் தொடக்கூடாத அடுக்கை ஒரு கையால் தள்ளிச் சரித்து மூடியை எடுத்தேன். பேணியை மூடி, இரண்டு கையாலும் அதை நெஞ்சுக்கு நேரே பிடித்துக்கொண்டு நடைக்கூடத்தால் போனேன். குசினி வாசலில் நின்றுவிட்டேன். அடுப்பில் பருப்பு. நீலச் சுடர் சட்டிக்கு அடியில் வட்டமாக எரிந்துகொண்டிருந்தது. தோட்டத்துக்குப் போகும் வழி அடுப்பை உரசிக்கொண்டுதான் போகிறது.

பேணியைக் கம்பளத்தில் இறக்கி வைத்தேன். போய் காஸை நூர்த்தேன். அடுப்பின் கம்பி ஆறும்வரைக்கும் நின்றேன். ஒரு நிமிடம் இருக்கும். அந்த ஒரு நிமிடமும் மகள் முன்கதவை இரண்டு கையாலும் அறைந்துகொண்டிருந்தாள். பக்கத்து வீட்டுக் கிழவி சுவரில் தட்டினாள்.

தோட்டத்தில் மழை இரைந்து பெய்தது. புல்லின் நடுவில் பேணியை வைத்து, கோயில் அன்னதானத்துக்கு இரவல் வாங்கிய பெரிய சமையல் கிடாரத்தைக் கவிழ்த்து மூடினேன். பிறகு வந்து முன்கதவைத் திறந்தேன்.

என்னைக் கட்டிப்பிடிப்பாள் என்று நினைத்தேன். அவள் என் தோளில் அடித்தாள். நல்ல அடி.

"உங்களுக்கு விசரோ அம்மா? அது ஒரு பழைய படம்! போகச் சொன்னனான்தானே!"

"உன்ரை படிப்பெல்லோ பிள்ளை."

"அந்த ஓட்டைக்குள்ளால உங்கட கால் மட்டும்தான் எனக்குத் தெரிஞ்சது. பிறகு அதுவும் தெரியேல்லை."

அவளுடைய உதடு நீலம் பாரித்திருந்தது. பிள்ளை எங்கே, பஸ் ஏன் பிந்துகிறது, ஏன் இன்னும் காணவில்லை என்று அவ்வளவு காலமும் கதவுக்கு உள்ளே நின்று நடுங்கியவள் நான். அன்று கதவுக்கு வெளியே அவள் நின்றாள். என் விரலைப் பிடித்துக் குழாய்த் தண்ணீரில் வைத்தாள்.

விசயதசமி காலையில் ஒரு வான் வண்டியில் இரண்டு பேர் வந்தார்கள். தோட்டத்தில் கிடாரத்தைக் கண்டு ஒருவரையொருவர் பார்த்தார்கள். அவர்களில் ஒரு பெண் பேணியைத் திறந்து, கையுறை போட்ட விரலால் நடுவிலிருந்த பூவை எடுத்து ஓரமாக வைத்தாள். குளிரான இடத்தில்தானே வைத்திருந்தீர்கள் என்று கேட்டாள்.

"ஓல் த டைம்," என்றாள் மகள், என்னைப் பார்க்காமல்.

இரவு ஷிப்ட் முடித்துக் காலையில் வந்த கணவர் அணைந்த விளக்கையும், சரிந்த புத்தகங்களையும், மருந்து பூசிய என் விரல்களையும் பார்த்தார். மகள் சொன்னதைக் கடைசிவரை கேட்டார். "உமக்கு அந்தப் பேணி மணக்கேல்லையோ?" என்றார். மணந்தது என்றேன். சப்பாத்தைக் கழற்றிக்கொண்டே, "கெமிஸ்ட்ரி ரீச்சர்," என்றார்.  

சில மாதம் கழித்து, படத்தை எடுத்துப்போனவர்களிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. பாதிக்குச் சற்றுக் கூடுதலாகப் பிரதி எடுத்துவிட்டார்களாம், ஒட்டிக்கிடந்த பகுதியைப் பிரிக்க முடியவில்லையாம். மகள் அங்கே போய்ப் பார்த்தாள். என்னையும் கூப்பிட்டாள். நான் போகவில்லை. அந்தச் சாமான் இருக்கும் கட்டடத்துக்குள் போக எனக்கு ஏலாது என்று சொன்னேன்.

ஆனால் அந்த விசயதசமி அன்றைக்கே, அவல் தட்டை மேசையில் வைத்துவிட்டு மகள் சொன்னது ஒன்று உண்டு. கோபமில்லாமல், யோசித்துச் சொன்னாள்.

"இனி என்ரை சாமான் ஒண்டையும் பூசையில வையாதேங்கோ அம்மா."

அடுத்த வருடம் நவராத்திரிக்கு அவள் வீட்டில் இல்லை. வேறு நகரத்தில் பல்கலைக்கழகத்தில், அதே சினிமாப் படிப்புக்குச் சேர்ந்துவிட்டாள். கும்பம் வைத்தேன். கணவர் கணக்குப் பார்க்கும் சின்னக் கணிப்பொறியை வைத்தேன், என்னுடைய பழைய சமயப் புத்தகத்தை வைத்தேன். அவளுடைய அறைக்குள் போய் நின்றேன். மேசையில், அலுமாரியில் அவளுடையவை எத்தனையோ இருந்தன. ஒன்றையும் தொடவில்லை. விளக்கில் ஒரு முகம் மட்டும் ஏற்றினேன். எண்ணெய் முடிந்து அது தானாக நூரும்வரை கதிரையைப் போட்டு முன்னால் இருந்தேன். இப்போதும் அப்படித்தான் இருக்கிறேன். விளக்கை எரியவிட்டு அடுத்த அறைக்குப் போக எனக்குக் கால் வராது.

அன்று பின்னேரம் அவள் டெலிபோன் எடுத்தாள். சாப்பாடு, குளிர், துவைக்கும் மெஷின் பழுது என்று எல்லாம் கதைத்தாள். பிறகு கேட்டாள்.

"பூசை முடிஞ்சுதோ?"

"ஓம் பிள்ளை."

"என்ரை என்ன வச்சனீங்கள்?"

"ஒண்டும் வைக்கேல்லை. நீதானே வேண்டாமெண்டு சொன்னனி."

 யாரோ அவளுக்குப் பின்னால் கதவை அடித்துச் சாத்தினார்கள்.

"ஒரு பென்சிலாவது வச்சிருக்கலாம் அம்மா," என்றாள்.

"பென்சிலும் எரியும் பிள்ளை," என்றேன்.

அவள் சிரித்தாள். கனநேரம் சிரித்தாள். நான் அதைப் பகிடிக்குச் சொல்லவில்லை.